ஸ்டீமில் அப்டேட் இறங்கவில்லை: எந்த அறிகுறிக்கு எதைப் பார்ப்பது

எங்கள் கேமிங் சென்டரில் 14 கணினிகள் இருக்கின்றன. கேம்களை வாங்கி, இறக்கி, புதுப்பிக்க உதவும் ஸ்டீம் செயலியில் வாரத்துக்கு ஒரு முறையாவது ஏதோ ஒரு கணினியில் அப்டேட் நின்றுபோகும். வெளியிலிருந்தும் பையன்கள் லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டு வருவார்கள். வருகிறவர்களில் பாதிப் பேர் அதற்குள் ஒரு காரியத்தைச் செய்து முடித்திருப்பார்கள்: கேமை முழுவதுமாக அழித்துவிட்டு 90 ஜிபியை மறுபடி இறக்கத் தொடங்கியிருப்பார்கள். கோளாறு டிஸ்கில் இருந்தால் அந்த 90 ஜிபியும் அதே இடத்தில்தான் வந்து இடறும். அதனால் இந்தக் குறிப்பில் அழித்து மீண்டும் நிறுவுவது எந்த அறிகுறிக்கும் முதல் வழியாக வராது.

விண்டோஸில் ஓடும் ஸ்டீமை வைத்தே எழுதுகிறேன். இதே வேலையைச் செய்யும் மற்ற லாஞ்சர்களுக்கு (எபிக், எக்ஸ்பாக்ஸ்) ஒரு சிறு பகுதி கடைசிக்கு முன்னால் இருக்கிறது. திருட்டுப் பிரதி வைத்திருப்பவர்களுக்கு இங்கே எதுவும் இல்லை. அதற்கு அப்டேட் என்ற ஒன்றே கிடையாது.

## எதையும் தொடுவதற்கு முன் இரண்டு எண்கள்

ஸ்டீமில் 'டவுன்லோட்ஸ்' பக்கத்தைத் திறங்கள். மேலே ஒரு வரைபடம் ஓடும். நீலப் பட்டைகள் இணையத்திலிருந்து வருவதைக் காட்டும், பச்சைக் கோடு டிஸ்க் செய்யும் வேலையைக் காட்டும். பக்கத்திலேயே 'நெட்வொர்க்', 'டிஸ்க் யூசேஜ்' என்று இரண்டு எண்களும் இருக்கும். இரண்டு நிமிடம் கையைக் கட்டிக்கொண்டு அவற்றை மட்டும் பாருங்கள்.

நெட்வொர்க் பூஜ்யமாக இருந்து டிஸ்க் ஓடினால் ஒரு வழி. இரண்டுமே பூஜ்யம் என்றால் வேறு வழி. இரண்டும் ஓடியும் கடைசியில் பிழைச் செய்தி வந்தால் அது மூன்றாவது. உங்கள் அறிகுறி எதுவோ அந்தத் தலைப்புக்கு நேராகப் போய்விடலாம்.

## வரிசையில் நிற்கிறது, தொடங்கவே இல்லை

பெரும்பாலும் இது கோளாறே அல்ல. ஒரு கேம் ஓடிக்கொண்டிருக்கும்போது ஸ்டீம் மற்ற இறக்கங்களை நிறுத்தி வைக்கும். சன்னலை மூடிவிட்டோம் என்று நினைப்போம், ஆனால் கேம் பின்னணியில் உயிரோடு இருக்கும். டாஸ்க் மேனேஜரைத் திறந்து அதன் பெயர் இன்னும் இருக்கிறதா என்று பார்த்து முடித்துவிடுங்கள். விளையாடும்போதும் இறங்க வேண்டுமென்றால் 'செட்டிங்ஸ்', அதில் 'டவுன்லோட்ஸ்' பகுதியில் அதற்கான அனுமதி இருக்கிறது.

அதே பகுதியில் அப்டேட்டுக்கு நேரம் குறித்து வைத்திருக்கிறீர்களா என்றும் பாருங்கள். இரவு 2 மணி முதல் 6 மணி வரை என்று எப்போதோ வைத்துவிட்டு மறந்தவர்கள் உண்டு. நீண்ட நாள் தொடாத கேம்களின் அப்டேட்டை ஸ்டீம் தானாகவே சில நாள் தள்ளிப்போடும். அந்தக் கேமுக்கு எதிரே இருக்கும் இறக்க அம்புக்குறியை அழுத்தினால் உடனே தொடங்கிவிடும்.

ஸ்டீமே திறக்காமல் தன்னைத் தானே புதுப்பிக்க முயன்று முயன்று நின்றால் விண்டோஸின் பதிப்பைப் பாருங்கள். விண்டோஸ் 7, 8, 8.1 ஆகியவற்றுக்கான ஆதரவை ஸ்டீம் 2024 ஜனவரி 1-ஆம் தேதியோடு நிறுத்திவிட்டது. அங்கே எந்த வைத்தியமும் நிலைக்காது.

## நெட்வொர்க் பூஜ்யம், ஆனால் டிஸ்க் ஓடிக்கொண்டே இருக்கிறது

என்னிடம் வருகிற புகார்களில் அதிகம் இதுதான். 'இரண்டு மணிநேரமாக 100 சதவீதத்தில் நிற்கிறது, நெட் வேலை செய்யவில்லை' என்பார்கள். நெட்டுக்கு ஒன்றும் இல்லை. அது தன் வேலையை எப்போதோ முடித்துவிட்டது.

பல கேம்கள் தம் படங்களையும் ஒலிகளையும் சில பிரம்மாண்டமான கோப்புகளுக்குள் அடைத்து வைக்கின்றன. ஒரே கோப்பு 20 ஜிபி, 40 ஜிபி இருக்கும். அதற்குள் ஒரு மூலையில் 300 எம்பி மாறினாலும் ஸ்டீம் பழைய கோப்பைப் படித்து, மாறிய துண்டுகளைச் சேர்த்து, முழுக் கோப்பையும் புதிதாக எழுதும். அதாவது நீங்கள் இறக்குவது 300 எம்பி, டிஸ்க் எழுதுவது 40 ஜிபி. சுழலும் பாகம் இல்லாத வேகமான டிஸ்கான எஸ்எஸ்டியில் சில நிமிடங்களில் முடியும் இந்த வேலை, பழைய லேப்டாப் ஹார்ட் டிஸ்கில் ஒரு மணிநேரத்தைத் தின்றுவிடும்; அதே டிஸ்கிலிருந்து படித்து அதிலேயே எழுதவும் வேண்டுமல்லவா.

பச்சைக் கோடு அசைகிறது என்றால் காத்திருங்கள். நடுவில் 'பாஸ்' போடுவது, ஸ்டீமை மூடித் திறப்பது, கணினியை அணைப்பது எல்லாம் செய்த வேலையை வீணாக்கும். எங்கள் ஊரில் மின்வெட்டு வரும் நாட்களில் பெரிய அப்டேட்டை நான் தொடங்குவதே இல்லை. யுபிஎஸ் தாங்கும் பதினைந்து நிமிடம் இதற்குப் போதாது.

ஒரு மணிநேரத்துக்கு மேல் ஆகியும் எண் நகரவில்லை என்றால் டாஸ்க் மேனேஜரில் 'பெர்ஃபார்மன்ஸ்' தாவலில் டிஸ்கைப் பாருங்கள். 100 சதவீதம் என்று காட்டி, எழுதும் வேகம் வினாடிக்கு 2 எம்பி, 3 எம்பி என்று ஊர்கிறதா? அப்படியானால் இந்த வரிசையில் போங்கள்.

முதலில் காலி இடம். மாற்றி எழுதும்போது பழைய கோப்பும் புதியதும் ஒரே நேரத்தில் இருக்கும். அப்டேட் 300 எம்பி என்பதால் 1 ஜிபி காலியாக இருந்தால் போதும் என்று கணக்குப் போடக் கூடாது. என் கணக்கு எளிது: அந்த டிரைவில் கேமின் முழு அளவுக்குக் காலி இடம் இருக்க வேண்டும், குறைந்தது பாதியாவது.

அடுத்து ஆன்டிவைரஸ். எழுதப்படும் ஒவ்வொன்றையும் அது திறந்து பார்த்துக்கொண்டிருந்தால் வேகம் படுத்துவிடும். முழுவதுமாக அணைக்க வேண்டாம். ஸ்டீம் லைப்ரரி இருக்கும் கோப்புறையை மட்டும் விதிவிலக்கில் சேருங்கள். விண்டோஸ் செக்யூரிட்டியில் 'வைரஸ் அண்ட் த்ரெட் ப்ரொடெக்ஷன்', 'மேனேஜ் செட்டிங்ஸ்', அதன் அடியில் 'எக்ஸ்க்ளூஷன்ஸ்'.

மூன்றாவது, டிஸ்கின் இயல்பு. தடங்களை ஒன்றன்மேல் ஒன்று சற்றே படியுமாறு எழுதும் ஹார்ட் டிஸ்க்குகள் இருக்கின்றன. தொடர்ந்து மாற்றி எழுதினால் அவை மூச்சு வாங்கும். மலிவான சில எஸ்எஸ்டிகளும் முதல் சில ஜிபி வரை பாய்ந்துவிட்டுப் பிறகு ஹார்ட் டிஸ்கை விட மெதுவாகிவிடும், நிறைந்து கிடந்தால் இன்னும் மோசம். வேறு எஸ்எஸ்டி இருந்தால் கேமை அங்கே நகர்த்துங்கள்: 'செட்டிங்ஸ்', 'ஸ்டோரேஜ்', கேமைத் தேர்ந்து 'மூவ்'. நகரும்போதே ஏதாவது கோப்பில் படிக்க முடியாமல் நின்றால் டிஸ்க் பழுதாகிறது என்று பொருள். கீழே 'டிஸ்க் ரைட் எரர்' தலைப்புக்குப் போய்விடுங்கள்.

## இரண்டுமே பூஜ்யம், அல்லது 'கன்டென்ட் சர்வர்ஸ் அன்ரீச்சபிள்'

இன்று என்ன கிழமை? ஸ்டீமின் வாராந்தரப் பராமரிப்பு அமெரிக்காவில் செவ்வாய் பிற்பகலில் நடக்கும். நமக்கு அது புதன் அதிகாலை. அந்த நேரத்தில் விழித்துக்கொண்டு ரவுட்டரைத் திருகுகிறவர்கள் படுத்துத் தூங்கலாம்.

பராமரிப்பு நேரம் இல்லையென்றால் ஸ்டீமை முழுவதுமாக மூடித் திறங்கள். மூலையிலுள்ள பெருக்கல் குறியை அழுத்தினால் அது மூடுவதில்லை. கடிகாரத்துக்குப் பக்கத்தில் இருக்கும் ஐகானில் வலது கிளிக் செய்து வெளியேற வேண்டும்.

பிறகு, எதையும் மாற்றாமல், கைபேசியின் ஹாட்ஸ்பாட்டில் கணினியை இணைத்து ஒரு நிமிடம் இறக்கிப் பாருங்கள். இந்த ஒரு சோதனை பாதி வேலையை மிச்சப்படுத்தும்.

ஹாட்ஸ்பாட்டிலும் இறங்கவில்லை என்றால் கோளாறு கணினியில் இருக்கிறது. 'டவுன்லோட்ஸ்' அமைப்பில் 'கிளியர் டவுன்லோட் கேஷ்' என்ற பொத்தானை அழுத்துங்கள். கேம்கள் அழியாது, ஆனால் மறுபடி உள்நுழையச் சொல்லலாம். கடவுச்சொல்லும், உள்நுழைவைச் சரிபார்க்கும் ஸ்டீம் கார்டு (Steam Guard) உள்ள கைபேசியும் அருகில் இருக்கட்டும். அடுத்து தேதியும் நேரமும். கணினியின் தேதி தவறாக இருந்தால் பாதுகாப்பான இணைப்புகள் அனைத்தும் மறுக்கப்படும். ஒவ்வொரு முறை அணைத்துப் போடும்போதும் தேதி பின்னால் போகிறது என்றால் மதர்போர்டில் இருக்கும் காசு வடிவ பேட்டரி தீர்ந்துவிட்டது. சிஆர் 2032 என்று கேட்டால் கடிகாரக் கடையிலேயே கிடைக்கும். விபிஎன், ப்ராக்ஸி ஏதேனும் ஓடினால் அணையுங்கள். ஃபயர்வாலில் ஸ்டீமுக்கு அனுமதி இருக்கிறதா என்று பாருங்கள். கடைசியாக, ஸ்டீமை மட்டும் புதுப்பியுங்கள்: ஸ்டீமை மூடிவிட்டு அதன் கோப்புறையில் 'ஸ்டீம்ஆப்ஸ்', 'யூசர்டேட்டா' என்ற இரண்டு கோப்புறைகளையும் ஸ்டீம் நிரலையும் (steam.exe) தவிர மற்றவற்றை நீக்கிவிட்டு அந்த நிரலை இயக்கினால், மீதியை அதுவே இறக்கிக்கொள்ளும். கேம்கள் 'ஸ்டீம்ஆப்ஸ்' உள்ளே பத்திரமாக இருக்கும்.

ஹாட்ஸ்பாட்டில் இறங்குகிறது என்றால் கணினி நலம், வீட்டு இணைப்புதான் காரணம். ரவுட்டரின் மின்சாரத்தை அரை நிமிடம் துண்டித்து மறுபடி கொடுங்கள். 'டவுன்லோட் ரீஜன்' அமைப்பை மாற்றிப் பாருங்கள். சென்னையில் நின்றால் மும்பை, அதுவும் நின்றால் சிங்கப்பூர். தூரமான ஊர் மெதுவாக இருக்கும் என்று பயப்பட வேண்டாம், நெரிசல் உள்ள பக்கத்து வாசலை விடக் காலியான தூரத்து வாசல் மேல். அதற்கும் மசியவில்லை என்றால் தளப் பெயர்களை எண் முகவரிகளாக மாற்றித் தரும் டிஎன்எஸ் சர்வரின் முகவரியை 1.1.1.1 அல்லது 8.8.8.8 என்று மாற்றுங்கள்.

விடுதி, கல்லூரி, அலுவலக இணைப்பில் இருப்பவர்கள் இதில் மெனக்கெட வேண்டாம். அங்கே கேம் தளங்களை நிர்வாகமே அடைத்திருக்கும். ஆனால் அறைத் தோழரின் கணினியில் அதே கேம் புதுப்பிக்கப்பட்ட நிலையில் இருந்தால், உள்வலை வழியாகவே அதிலிருந்து உங்கள் கணினிக்கு மாற்றிக்கொள்ளும் வசதியை ஸ்டீம் 2023-இல் கொண்டுவந்தது. இரண்டு பேரும் ஒரே வைஃபையில் இருந்து, ஸ்டீமில் உள்நுழைந்திருக்க வேண்டும். 'டவுன்லோட்ஸ்' அமைப்பில் இருவரும் அதற்கு அனுமதி கொடுத்திருக்க வேண்டும். எங்கள் சென்டரில் ஒரு கணினிக்கு இறக்கி மற்ற 13-க்கும் நான் இப்படித்தான் கடத்துகிறேன்.

இணைய நிறுவனத்தை எப்போது அழைப்பது? ரவுட்டரில் நேரடியாகக் கேபிள் செருகி, இரண்டு ரீஜன்களை மாற்றிப் பார்த்து, ஹாட்ஸ்பாட்டில் இறங்குவதையும் உறுதி செய்த பிறகு. இந்த மூன்றையும் முதல் வாக்கியத்திலேயே சொல்லிவிடுங்கள். இல்லையென்றால் 'ரவுட்டரை அணைத்துப் போட்டீர்களா?' என்பதிலிருந்து தொடங்குவார்கள்.

## இறங்குகிறது, ஆனால் ஊர்கிறது

100 எம்பிபிஎஸ் இணைப்பில் ஸ்டீம் வினாடிக்கு 12 எம்பி என்று காட்டினால் அது முழு வேகம். நிறுவனம் பிட்டில் விற்கிறது, ஸ்டீம் பைட்டில் எண்ணுகிறது, எட்டால் வகுத்துக்கொள்ளுங்கள். அந்த வேகத்தில் 40 ஜிபி இறங்க ஒரு மணிநேரத்துக்குச் சற்றுக் குறைவாக ஆகும்.

அதைவிட மிகக் குறைவு என்றால் ஸ்டீம் அமைப்பில் வேக வரம்பு வைத்திருக்கிறீர்களா, மாத ஒதுக்கீடு தீர்ந்து நிறுவனம் வேகத்தைக் குறைத்துவிட்டதா, வைஃபை 2.4 கிகாஹெர்ட்ஸில் ஒட்டிக்கொண்டிருக்கிறதா என்று இந்த வரிசையில் பாருங்கள். ஒரு நெட்வொர்க் கேபிள் வாங்கிச் செருகுவதை விட மலிவான தீர்வு எனக்குத் தெரியாது.

## 'டிஸ்க் ரைட் எரர்', 'கன்டென்ட் ஃபைல் லாக்டு'

ஸ்டீம் எழுதப் போன கோப்பை வேறு ஏதோ நிரல் பிடித்திருக்கிறது, அல்லது அந்த இடத்தில் எழுத முடியவில்லை. கணினியை ஒரு முறை மறுதொடக்கம் செய்தாலே பாதி பேருக்குச் சரியாகிவிடும். ஆகாதவர்கள் கீழே வாருங்கள்.

காலி இடம், ஆன்டிவைரஸ் விதிவிலக்கு இரண்டையும் மேலே சொன்னபடி முடியுங்கள். விண்டோஸ் செக்யூரிட்டியில் 'ரான்சம்வேர் ப்ரொடெக்ஷன்' பகுதியில் 'கன்ட்ரோல்டு ஃபோல்டர் ஆக்சஸ்' இயங்கினால் ஸ்டீமுக்கு அதில் அனுமதி கொடுங்கள். பிறகு 'செட்டிங்ஸ்', 'ஸ்டோரேஜ்', டிரைவுக்கு எதிரே உள்ள மூன்று புள்ளிகள், 'ரிப்பேர் ஃபோல்டர்'.

வெளி டிஸ்கில் கேம் வைத்திருக்கிறீர்களா? அதன் ப்ராப்பர்டீஸில் ஃபைல் சிஸ்டம் ஃபேட்32 என்று இருந்தால் 4 ஜிபியைத் தொடும் எந்தக் கோப்பும் அதில் நிற்காது. தரவை வேறிடத்துக்கு எடுத்துக்கொண்டு என்டிஎஃப்எஸ் ஆக ஃபார்மட் செய்ய வேண்டும். இணையத்தில் நம்ப முடியாத விலைக்கு வாங்கிய '2 டிபி' டிஸ்க் என்றால் கொள்ளளவையே சந்தேகப்படுங்கள். உள்ளே சிறிய மெமரி கார்டை ஒட்டி, அளவைப் பொய்யாகக் காட்டும் சரக்கு நிறையவே சுற்றுகிறது.

எந்தக் கோப்பில் நிற்கிறது என்று அறிய ஸ்டீம் கோப்புறைக்குள் 'லாக்ஸ்', அதில் 'கன்டென்ட் லாக்' என்ற உரைக்கோப்பைத் திறந்து அடியிலிருந்து மேலே படியுங்கள். எழுத முடியாத கோப்பின் முழு முகவரி இருக்கும். ஒவ்வொரு முறையும் அதே கோப்பு என்றால் ஸ்டீமை மூடிவிட்டு அந்த ஒரு கோப்பை மட்டும் நீக்கி, கேமின் 'ப்ராப்பர்டீஸ்', 'இன்ஸ்டால்ட் ஃபைல்ஸ்' வழியே கோப்புகளைச் சரிபார்க்கச் சொல்லுங்கள். பாதியில் நின்ற இறக்கத்தைக் கழிக்க வேண்டுமென்றால் 'ஸ்டீம்ஆப்ஸ்' உள்ளே 'டவுன்லோடிங்' கோப்புறையில் அந்தக் கேமின் எண்ணுள்ள கோப்புறையை நீக்கலாம். கேமின் எண் அதன் கடைப்பக்க முகவரியிலேயே இருக்கும்: டோட்டா 2-க்கு 570, கவுன்டர் ஸ்டிரைக் 2-க்கு 730.

ஒவ்வொரு முறையும் வேறு வேறு கோப்பில் நின்றால் டிஸ்கின் உடல்நலத்தைப் பார்க்கும் நேரம். ஈவென்ட் வியூவரில் 'சிஸ்டம்' பதிவுகளைத் திறங்கள். டிஸ்க் என்ற பெயரில் 7-ஆம் எண் பிழை இருந்தால் கெட்டுப்போன இடம். என்டிஎஃப்எஸ் பெயரில் 55 என்றால் கோப்பு அமைப்பு குலைந்திருக்கிறது. பின்னதற்கு 'திஸ் பிசி'யில் டிரைவை வலது கிளிக் செய்து ப்ராப்பர்டீஸ், 'டூல்ஸ்', 'செக்'. முன்னதற்கு கிரிஸ்டல்டிஸ்க்இன்ஃபோ என்ற இலவச மென்பொருளைப் போட்டுப் பாருங்கள். 'காஷன்' அல்லது 'பேட்' என்று வந்தால் அப்டேட்டை மறந்துவிட்டு முதலில் படங்களையும் பாடக் கோப்புகளையும் வேறு டிஸ்குக்கு எடுங்கள். டிஸ்க் 'டிக் டிக்' என்று ஒலித்தால் அதற்கு மேல் அதை ஓட்டவே கூடாது.

ஆனால் புதிய டிஸ்க் வாங்கும் முன் ஒன்று. அதே மென்பொருளில் 'அல்ட்ரா டிஎம்ஏ சிஆர்சி எரர் கவுன்ட்' என்ற வரி இருக்கும். மற்ற எண்கள் நன்றாக இருந்து அது மட்டும் நாளுக்கு நாள் ஏறினால் பழுது டிஸ்கில் இருக்காது, அதை மதர்போர்டோடு இணைக்கும் சாட்டா கேபிளில் இருக்கும். ஒரு பையன் கடைக்காரர் சொன்னார் என்று புது எஸ்எஸ்டி வாங்கி, அதையும் அதே கேபிளில் செருகி, அதிலும் அதே பிழையோடு என்னிடம் வந்தான். கேபிளை மாற்றினேன். பழைய டிஸ்க் இன்றும் அவனிடம் ஓடுகிறது.

## 'கரப்ட் அப்டேட் ஃபைல்ஸ்', திரும்பத் திரும்ப

ஒரு முறை வந்தால் 'டவுன்லோட் கேஷ்' அழித்து, கோப்புகளைச் சரிபார்த்தால் தீரும். திரும்பத் திரும்ப வந்தால் சரிபார்ப்பை அடுத்தடுத்து மூன்று முறை ஓட்டி, எத்தனை கோப்புகள் தவறு என்று சொல்கிறது என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

மூன்று முறையும் அதே எண்ணிக்கை: சில கேம்களில் ஓரிரு அமைப்புக் கோப்புகள் எப்போதும் இப்படித் தவறு என்றே வரும், கேம் ஓடினால் கண்டுகொள்ள வேண்டாம். மாட் (கேமை மாற்ற மற்றவர்கள் செய்த கூடுதல் கோப்புகள்) போட்டிருந்தால் முதலில் அதை எடுங்கள்.

ஒரு முறை 3, அடுத்து 11, பிறகு 6: கோப்பு மாறவில்லை, படிக்கும்போது மாறுகிறது. இது ராம் பழுதின் அடையாளம். கணினி தொடங்கும்போது திறக்கும் அமைப்புத் திரையான பயாஸில், ராமை வேகமாக ஓட்டும் எக்ஸ்எம்பி அல்லது எக்ஸ்போ இயக்கத்தில் இருந்தால் அதை அணைத்து மறுபடி சரிபாருங்கள், செலவே இல்லை. இரண்டு ராம் இருந்தால், மின்சாரத்தைத் துண்டித்துவிட்டு, ஒன்றைக் கழற்றி ஒன்றை வைத்துத் தனித்தனியாகப் பாருங்கள். அதன் பொன்னிறத் தொடுமுனைகளைப் பென்சில் அழிப்பானால் மெல்லத் தேய்ப்பது நம்மூர் சர்வீஸ் கடைகளின் பழைய வைத்தியம், பல முறை பலிக்கிறது. அதன் பிறகு ராமைச் சோதிக்கும் மெம்டெஸ்ட்86-ஐ ஓர் இரவு முழுக்க ஓட விடுங்கள். ஒரே ஒரு பிழை வந்தாலும் அந்த ராம் போக வேண்டியதுதான்.

ராம் நன்றாக இருந்தும் இது தொடர்ந்தால், அதுவும் இன்டெலின் 13 அல்லது 14-ஆம் தலைமுறை ஐ9, ஐ7 டெஸ்க்டாப் ப்ராசசர் என்றால், ப்ராசசரையே சந்தேகிக்கலாம். அழுத்தப்பட்ட கோப்புகளை விரிக்கும்போது அவை தடுமாறும் சிக்கலை இன்டெலே ஒப்புக்கொண்டு, 2024-இல் மைக்ரோகோட் (ப்ராசசருக்குள் ஓடும் கட்டளை நிரல்) திருத்தங்களை வெளியிட்டது. தனிப் பெட்டியில் விற்றவற்றுக்கு உத்தரவாதத்தையும் இரண்டு ஆண்டு நீட்டியது. மதர்போர்டின் பயாஸை 2024 செப்டம்பருக்குப் பிந்தைய பதிப்புக்கு மாற்றுங்கள். ஏற்கனவே தேய்ந்துபோனதை அது மீட்காது. ரசீதைத் தேடி எடுத்து உத்தரவாதத்தில் மாற்றிக்கொள்ளுங்கள்.

## முடிந்துவிட்டது என்கிறது, மறுபடி அப்டேட் கேட்கிறது

ஸ்டீமை முழுவதுமாக மூடித் திறங்கள். நண்பர்களோடு சேர முடியாமல் பதிப்பு பொருந்தவில்லை என்று வந்தால் கேமின் ப்ராப்பர்டீஸில் 'பீட்டாஸ்' பகுதியைப் பாருங்கள். யாராவது ஒருவர் சோதனைப் பதிப்பில் இருப்பார். அதுவும் இல்லையென்றால் கோப்புகளைச் சரிபார்ப்பதோடு முடியும்.

## மற்ற லாஞ்சர்கள்

எபிக்கிலும் இதே அறிகுறிகள், இதே காரணங்கள்தான். அங்கே சரிபார்ப்பு கேமின் மூன்று புள்ளிகளுக்குள் 'மேனேஜ்' என்பதில் இருக்கிறது. எக்ஸ்பாக்ஸ் செயலி மட்டும் தனி ரகம். அது விண்டோஸின் ஸ்டோரையும் 'கேமிங் சர்வீசஸ்' என்ற பகுதியையும் நம்பி நிற்கிறது, அதனால் முதலில் விண்டோஸ் அப்டேட்டை முடித்து, ஸ்டோரில் நிலுவையிலுள்ளவற்றைப் புதுப்பித்து, பிறகு கேமுக்கு வாருங்கள்.

## எப்போது கடைக்குக் கொண்டுபோவது

டிஸ்க் ஒலி எழுப்புகிறது, அல்லது 'பேட்' என்று காட்டுகிறது, உள்ளே இருப்பதற்கு வேறு நகல் இல்லை: அப்போதே. மெம்டெஸ்டில் பிழை வந்து, ராம் போர்டோடு சேர்த்துப் பற்றவைக்கப்பட்ட லேப்டாப்: அப்போதே. உத்தரவாதத்தில் இருக்கும் எதையும் நீங்களே திறக்க வேண்டாம், நிறுவனத்தின் சர்வீஸ் சென்டருக்கே போங்கள்.

போகும்போது டிஸ்க் அறிக்கையின் படம், மெம்டெஸ்ட் திரையின் படம், 'கன்டென்ட் லாக்' கோப்பின் கடைசி ஐம்பது வரிகள் மூன்றையும் கைபேசியில் வைத்திருங்கள். 'கேம் அப்டேட் ஆகவில்லை' என்று மட்டும் சொன்னால் பெரும்பாலான கடைகளில் விண்டோஸை அழித்து மீண்டும் போட்டுக் கொடுத்துக் காசு வாங்கிவிடுவார்கள். அதே கேபிள், அதே ராமோடு கணினி வீட்டுக்கு வரும். 'விண்டோஸ் போட வேண்டாம், இந்தப் பிழைக்கு டிஸ்கையும் கேபிளையும் ராமையும் மட்டும் சோதியுங்கள்' என்று சீட்டில் எழுதச் சொல்லிவிட்டு வாருங்கள். கேமின் சேமிப்புகள் ஸ்டீம் கிளவுடில் ஏறியிருக்கின்றனவா என்பதையும், ஏறாதவை 'டாகுமென்ட்ஸ்' கோப்புறையில் இருந்தால் அவற்றின் நகலையும் வீட்டிலேயே பார்த்துவிட்டுக் கிளம்புங்கள்.